உங்களை ஒருவர் தேடுகிறார்

கேள்வி:

செயலி நிறுவனம் ஒன்றில் ஆறு ஆண்டுகளாக வேலை செய்கிறேன். கைபேசித் திரையில் வந்து விழும் சின்னச் சின்ன அறிவிப்புகளுக்கு வாசகம் எழுதுவதும், எதை எந்த நேரத்தில் அனுப்புவது என்று முடிவு செய்வதும் என் பொறுப்பு. போன ஆண்டு, சில நாட்களாகச் செயலியைத் திறக்காதவர்களுக்காக இரண்டு வாசகங்கள் எழுதினேன். ஒன்று, ‘நண்பர்களின் புதிய பதிவுகள் 12’. மற்றொன்று, ‘உங்களை ஒருவர் தேடுகிறார்’. பாதிப் பேருக்கு முதலாவது, மீதிப் பேருக்கு இரண்டாவது என்று அனுப்பிப் பார்த்தோம். இரண்டாவது வாசகத்துக்கு அருகில்கூட முதலாவது வரவில்லை. கூட்டத்தில் கைதட்டினார்கள். உண்மையில் யாரும் யாரையும் தேடவில்லை என்பது அந்த அறையில் இருந்த எல்லோருக்கும் தெரியும். யாரோ ஒருவர் அவர்களுடைய பழைய படம் ஒன்றைக் கடந்து போயிருப்பார், அவ்வளவுதான்.

இரண்டு மாதங்களுக்கு முன் காய்ச்சலில் படுத்திருந்தேன். நான்கைந்து நாட்கள் எங்கள் செயலியைத் திறக்கவில்லை. ஓர் இரவு பதினொன்றேகாலுக்கு என் கைபேசி ஒளிர்ந்தது. ‘உங்களை ஒருவர் தேடுகிறார்.’ நான் எழுதிய அதே வாசகம். தெரிந்தேதான் திறந்தேன். மூடியபோது மணி பன்னிரண்டு.

இன்னொன்று. ஏழு வயது மகளுக்கு இரவில் கதை படித்துக் காட்டுவது வழக்கம். போன வாரம் படித்துக்கொண்டிருக்கும்போது பக்கத்தில் இருந்த கைபேசி ஒளிர்ந்து அணைந்தது. நான் அதைத் தொடவே இல்லை. ஆனால் மகள், ‘இந்த வரியை இப்போதுதானே படித்தாய் அம்மா’ என்றாள். பக்கத்தைத் திருப்பியதுகூட எனக்கு நினைவில்லை.

என் கவனம் கெட்டுவிட்டதா? எனக்கு மன உறுதி இல்லையா? ஊரார் கவனத்தைக் கலைத்துச் சம்பளம் வாங்கும் இந்த வேலையைத் தொடரலாமா? உங்கள் பதிலை என் மேலாளரிடம் காட்டலாமா?

– பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் கடிதத்தை மூன்று முறை படித்தேன். முதல் இரண்டு முறையும் நடுவில் எழுந்து போனேன். ஒரு முறை தண்ணீர் குடிக்க, ஒரு முறை காரணமே இல்லாமல். கரையில் நின்றுகொண்டு நீச்சல் சொல்லித் தரும் ஆள் நான் இல்லை என்பது உங்களுக்குத் தெரிந்திருக்கட்டும்.

கேள்விகளை ஒரே மூச்சில் கேட்டுவிட்டீர்கள். கவனம் கெட்டுவிட்டதா என்பது உளவியலாளன் என்ற முறையில் நான் பதில் சொல்லக்கூடியது. வேலையைத் தொடரலாமா என்பது அறம் சார்ந்தது. அதில் எனக்குப் பட்டம் எதுவும் இல்லை, கருத்து மட்டும் உண்டு.

முதலில் கவனம். அது கெடவில்லை. ‘மனிதனின் கவனம் எட்டு வினாடிதான், தங்கமீனைவிடக் குறைவு’ என்ற செய்தியை நீங்களும் எங்காவது படித்திருப்பீர்கள். 2015-இல் மைக்ரோசாஃப்ட் நிறுவனத்தின் கனடாப் பிரிவு வெளியிட்ட ஓர் அறிக்கையிலிருந்து கிளம்பி அது உலகம் சுற்றியது. அதன் வேரைத் தேடிப் போனவர்களுக்கு நம்பத்தக்க ஆய்வு எதுவும் அகப்படவில்லை. மீனின் கவனத்தை யார் எந்தக் கடிகாரம் வைத்து அளந்தார்களோ! என்னிடம் வருகிறவர்களில் பலர் ‘எனக்குக் கவனமே நிற்பதில்லை’ என்று தொடங்கி, அதைப் பற்றி ஐம்பது நிமிடம் இடைவிடாமல், கோவையாக, ஒரு விவரமும் விடாமல் பேசுகிறார்கள். கவனிக்கும் திறன் அப்படியே இருக்கிறது. அது ஓரிடத்தில் தங்கும் நேரம்தான் சுருங்கிப் போகிறது.

இதை அளந்தவர் குளோரியா மார்க் என்ற ஆய்வாளர். 2004-இல் அலுவலக ஊழியர்களின் பின்னால் நிறுத்துகடிகாரத்தோடு நின்று குறித்தபோது, கணினித் திரையில் ஒரு விஷயத்திலிருந்து இன்னொன்றுக்கு மாறுவதற்கு முன் சராசரியாக இரண்டரை நிமிடம் நிலைத்திருந்தார்கள். அண்மை ஆண்டுகளின் அளவீடுகளில் அது 47 வினாடி. இந்த மாறுதல்களில் ஏறக்குறைய பாதி, வெளியிலிருந்து யாரும் கூப்பிடாமல் தாமாகவே செய்துகொள்வது என்றும் அவர் கண்டார். வாசலில் மணி அடித்து அடித்துப் பழகிய வீட்டில், மணி அடிக்காதபோதும் போய்க் கதவைத் திறந்து பார்ப்பது போல. நீங்கள் மணியடிக்கும் தொழிலில் இருக்கிறீர்கள். உங்கள் காதுக்கு அந்தப் பழக்கம் இன்னும் ஆழமாக ஏறியிருக்கும்.

மகளுக்குக் கதை படித்த அந்த இரவுக்கு வருவோம். கைபேசியைத் தொடவில்லையே, பிறகு ஏன் வரி இரண்டு முறை வந்தது என்பதுதான் உங்கள் குழப்பம். 2015-இல் வெளியான ஒரு பரிசோதனை கிட்டத்தட்ட இதையே சோதித்தது. கவனம் தேவைப்படும் ஒரு வேலையில் சிலரை உட்கார வைத்து, நடுவில் அவர்கள் கைபேசிக்கு அழைப்பும் குறுஞ்செய்தியும் அனுப்பினார்கள். பங்கேற்றவர்கள் எடுத்துப் பார்க்கவில்லை, பதிலும் சொல்லவில்லை. வந்திருக்கிறது என்று தெரிந்ததே போதும், பிழைகள் கூடின. யாராக இருக்கும், எதற்காக இருக்கும் என்று மனம் கிளைவிட்டுவிடுகிறது. கையை அடக்கிவிட்டீர்கள், சரி. மனத்துக்குக் கை கிடையாதே.

சோஃபி லெராய் என்ற ஆய்வாளர் 2009-இல் இதற்குப் பக்கத்தில் உள்ள ஒன்றை விளக்கினார். முடியாத வேலையிலிருந்து வேறு வேலைக்குத் தாவும்போது கவனத்தின் ஒரு பகுதி பழைய வேலையிலேயே தங்கிவிடுகிறது. அதைத் தமிழில் கவன எச்சம் எனலாம். மொழிபெயர்க்கும்போது எனக்கு ஒரு மகிழ்ச்சி. எச்சம் என்பது நம் இலக்கணத்தில் முன்பே இருக்கும் சொல். ‘வந்து’ என்று சொல்லி நிறுத்திப் பாருங்கள். கேட்பவர் காத்திருப்பார். வந்து என்ன செய்தான்? வினைமுற்று வரும்வரை காது மூடாது. இதற்குத்தான் வினையெச்சம் என்று பெயர் வைத்தார்கள்.

உங்கள் வாசகத்தை இப்போது பாருங்கள். ‘உங்களை ஒருவர் தேடுகிறார்.’ இலக்கணப்படி முழு வாக்கியம். எழுவாய், செயப்படுபொருள், பயனிலை எல்லாம் ஒழுங்காக இருக்கின்றன. பொருளில் அது ஓர் எச்சம். யார்? ஏன்? விடை செயலிக்குள் இருக்கிறது, வா என்கிறது. ‘நண்பர்களின் புதிய பதிவுகள் 12’ என்பதில் தகவல் வாக்கியத்திலேயே முடிந்துவிடுகிறது. பார்ப்பதும் பார்க்காததும் பெறுபவர் விருப்பம். இரண்டாவதில் பெறுபவருக்கு உண்மையான தேர்வு ஒன்று மட்டுமே: கொக்கியோடு படுத்துத் தூங்குவதா, திறந்து பார்த்துக் கழற்றுவதா. நீங்கள் நல்ல எழுத்தாளர், ஐயமில்லை. தேடப்படுவது என்பது மனிதனுக்கு எவ்வளவு பழைய தேவை! தொட்டிலில் கிடக்கும் குழந்தைகூட யாராவது தன்னைத் தேடி வருகிறார்களா என்றுதான் தலையைத் திருப்புகிறது. அந்த இடத்தில் கை வைத்தீர்கள். காய்ச்சலில், தனிமையில், இரவு பதினொன்றேகாலுக்கு அது உங்கள் மேலேயே வேலை செய்ததில் வியப்பென்ன?

ஆகவே மன உறுதிக் கேள்வியை விட்டுவிடுங்கள். திறக்க வைப்பதற்கென்றே சோதித்துத் தேர்ந்தெடுத்த ஒரு வாக்கியத்தின் முன் தனியாள் ஒருவரின் மன உறுதியை நிறுத்திவிட்டு, அது தோற்றால் அவரைக் குறை சொல்வது நியாயமில்லை.

இந்த உத்திகளுக்கும் வரலாறு உண்டு. உளவியலாளர்கள் ஸ்கின்னரும் ஃபெர்ஸ்டரும் 1957-இல் தொகுத்து வெளியிட்ட புறாச் சோதனைகளில், கொத்தும் ஒவ்வொரு முறையும் தானியம் கிடைத்த புறா, தானியம் நின்றதும் விரைவில் ஓய்ந்தது. எப்போது கிடைக்கும் என்று கணிக்க முடியாதபடி கிடைத்த புறாவோ, நின்ற பிறகும் கொத்திக்கொண்டே இருந்தது. திரையைக் கீழே இழுத்துப் புதுப்பிக்கும்போது ஒரு சமயம் நல்ல செய்தி, ஒன்பது சமயம் ஒன்றுமில்லை. அந்த ஒன்பதுதான் விரலை ஓயவிடாதது. 2006-இல் ஏசா ராஸ்கின் என்ற வடிவமைப்பாளர் முடிவில்லாமல் ஓடும் பக்கத்தை உருவாக்கினார். முன்பெல்லாம் பக்கத்தின் அடியில் ‘அடுத்த பக்கம்’ என்று ஒரு பொத்தான் இருக்கும்; அங்கே விரல் ஒரு கணம் நிற்கும்; அந்தக் கணத்தில் ‘போதும்’ என்று தோன்றலாம். அந்த நிறுத்தத்தை அவர் எடுத்துவிட்டார். வசதிக்காகச் செய்ததுதான். பின்னாளில் அதற்காக வெளிப்படையாக வருந்தினார். 2009-இல் லைக் பொத்தான் வந்தது. ஃபேஸ்புக்கின் முதல் தலைவராக இருந்த ஷான் பார்க்கர், உங்கள் நேரத்தையும் விழிப்புள்ள கவனத்தையும் முடிந்த அளவு எப்படி எடுத்துக்கொள்வது என்பதே தங்கள் யோசனையாக இருந்தது என்றும், மனித மனத்தின் ஒரு பலவீனத்தைத் தெரிந்தே பயன்படுத்தினோம் என்றும் 2017-இல் சொன்னார். ஒப்புதல் வாக்குமூலம் இதைவிடத் தெளிவாக இருக்க முடியாது.

(ஒரு குறிப்பு. கைபேசிப் பழக்கத்துக்குப் பலரும் காரணமாகச் சொல்லும் டோபமைனை வைத்து இந்தப் பதிலில் எதையும் நான் விளக்கப் போவதில்லை. அது மூளையில் பல வேலைகள் பார்க்கும் வேதிப்பொருள். வெறும் ‘இன்பச் சுரப்பி’ அல்ல. ஒரு வாரம் கைபேசியைத் தொடாமல் இருந்து அதைக் கழுவிச் சுத்தம் செய்துவிட முடியாது. ‘டோபமைன் விரதம்’ இருக்கப் போவதாகச் சொல்லிக்கொண்டு வருகிறவர்களிடம் நான் விரதத்தை ஊக்குவிப்பேன், டோபமைனை விட்டுவிடுவேன்.)

இனி அறம்.

உங்கள் அலுவலகத்தில் இரண்டு சமாதானங்கள் சொல்லியிருப்பார்கள். முதலாவது: கவனத்தை விற்பது இன்று நேற்றா வந்தது, பத்திரிகைகள் செய்யாததா? உண்மைதான். 1833-இல் நியூயார்க்கில் பெஞ்சமின் டே என்பவர் ஒரு காசுக்குப் பத்திரிகை விற்றார். விலையில் லாபமில்லை, பரபரப்பான செய்திகளால் கூட்டம் சேர்த்து, அந்தக் கூட்டத்தின் பார்வையை விளம்பரக்காரர்களுக்கு விற்றார். சமூக ஊடகங்களின் பெரும் வருமானமும் அதே விற்பனைதான். ஆனால் தெருவில் கூவிய பத்திரிகைப் பையன் எல்லோருக்கும் ஒரே குரலில் கூவினான். யாருக்குக் காய்ச்சல், யார் நான்கு நாட்களாக வெளியே வரவில்லை, யாருடைய மனம் எத்தனை மணிக்கு இளகும் என்றெல்லாம் அவனுக்குத் தெரியாது. கூவிவிட்டு அடுத்த தெருவுக்குப் போய்விடுவான். உங்கள் அறிவிப்பு அவரவர் படுக்கையருகே, அவரவருக்கேற்ற நேரத்தில் வருகிறது. திறந்தாலும் திறக்காவிட்டாலும் அதிலிருந்து கற்றுக்கொண்டு மறுநாள் இன்னும் சரியான நேரத்தில் வருகிறது. இங்கே அளவு கூடியதால் தன்மையே மாறிவிட்டது.

சோதனை என்பதையும் நின்று பார்க்க வேண்டும். 2012 ஜனவரியில் ஒரு வாரம், ஃபேஸ்புக் 6,89,003 பேருடைய பக்கங்களில் சிலருக்கு மகிழ்ச்சியான பதிவுகளைக் குறைத்தும் சிலருக்குச் சோகமான பதிவுகளைக் குறைத்தும் காட்டி, அவர்கள் எழுதும் சொற்கள் மாறுகின்றனவா என்று பார்த்தது. மாறின, மிக மிகச் சிறிதளவு. முடிவுகள் 2014-இல் ஆய்விதழில் வந்தபோது எழுந்த கொந்தளிப்பு அந்தச் சிறிதளவைப் பற்றியது அல்ல. யாரிடமும் தனியாக ஒப்புதல் கேட்கவில்லை என்பதே குற்றச்சாட்டு. ஆய்விதழே தன் கவலையைத் தனிக் குறிப்பாக வெளியிட வேண்டியதாயிற்று. நான் பத்துப் பேரிடம் ஒரு வினாத்தாள் கொடுப்பதற்குக்கூட நெறிமுறைக் குழுவின் முன் போய் நிற்க வேண்டும். உங்கள் துறையில் காலை கூட்டத்தில் தோன்றும் எண்ணம், மாலைக்குள் லட்சம் பேர் மீது சோதிக்கப்படுகிறது. ‘உங்களை ஒருவர் தேடுகிறார்’ என்ற வரி யாரையெல்லாம் போய் எழுப்பியது என்று நினைத்துப் பாருங்கள். துணையை இழந்தவர்கள் இருந்திருப்பார்கள். பிரிந்து போன ஒருவரின் செய்திக்காகக் காத்திருந்தவர்கள் இருந்திருப்பார்கள். கைதட்டிய அறையில் அவர்களெல்லாம் ஒரு சதவீதமாக மட்டுமே இருந்தார்கள்.

இரண்டாவது சமாதானம்: வேண்டாதவர்கள் அணைத்துவிடலாமே, அமைப்புகளில் வசதி கொடுத்திருக்கிறோமே? பிள்ளையையும் கிள்ளிவிட்டுத் தொட்டிலையும் ஆட்டுவது என்பார்கள், அந்தக் கதை. திரை நேரத்தைக் காட்டும் வரைபடத்தைக் கொடுத்துவிட்டு, அந்த வரைபடம் ஏறுவதற்காக ஒரு குழுவையே உட்கார வைப்பது. பொருளியல் ஆய்வாளர்கள் சிலர் 2022-இல் கணக்கிட்டபடி, சமூக ஊடகப் பயன்பாட்டில் ஏறக்குறைய 31 சதவீதம் சுயகட்டுப்பாட்டுச் சிக்கலால் வருவது. அதாவது பயன்படுத்துபவரே நிதானமாக யோசித்தால் வேண்டாம் என்று சொல்லக்கூடிய பகுதி. இன்னோர் ஆய்வு எனக்கு இதைவிடச் சுவையானது. அமெரிக்கக் கல்லூரி மாணவர்களிடம், டிக்டாக் அல்லது இன்ஸ்டாகிராமை நான்கு வாரம் மூடி வைக்க எவ்வளவு பணம் வேண்டும் என்று கேட்டார்கள். தொகை சொன்னார்கள். உங்கள் கல்லூரியில் எல்லோரும் சேர்ந்து மூடினால் என்று கேட்டபோது பலருடைய விடை தலைகீழானது: அதற்குத் தாங்களே பணம் தரத் தயார் என்றார்கள். எல்லோரும் இருப்பதால் இருக்கிறார்கள். எல்லோரும் போனால் நிம்மதி. ஊர் முழுக்க உள்ளே இருக்கும்போது, ‘பிடிக்காவிட்டால் வெளியே போ’ என்று ஒருவரிடம் சொல்வது தேர்வு அல்ல, ஊர்விலக்கு.

சரி, நீங்கள் என்ன செய்வது?

வேலையை விட்டுவிடுங்கள் என்று சொல்ல மாட்டேன். விட்டால் உங்கள் நாற்காலியில் நாளை ஒருவர் உட்காருவார். உங்களுக்கு இருக்கும் இந்த உறுத்தல் அவருக்கு இருக்கும் என்பதற்கு உத்தரவாதமில்லை. நாற்காலி சிறியது என்றும் நினைக்க வேண்டாம். 2017 முதல் ஃபேஸ்புக்கின் கணக்கில், ஒரு பதிவுக்குக் கிடைக்கும் கோப முகம் போன்ற உணர்ச்சிக் குறி ஒவ்வொன்றும் லைக்கைப்போல ஐந்து மடங்கு மதிப்புப் பெற்றது. கோபமூட்டும் பதிவுகள் மேலே ஏறின. உள்ளிருந்த ஊழியர்களே இதை எடுத்துக்காட்டி எழுதினார்கள். கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து, 2020 செப்டம்பரில் கோபக் குறியின் மதிப்பைச் சுழியமாக்கினார்கள். 2021-இல் வெளியான உள் ஆவணங்களின்படி, அதன் பிறகு பொய்த் தகவலும் மனத்தைக் கலங்கடிக்கும் பதிவுகளும் குறைந்தன. மக்களின் பயன்பாடு குறையவில்லை. ஐந்து என்ற எண்ணை ஒரு நாள் யாரோ ஒருவர் ஒரு மேசையில் உட்கார்ந்து தட்டச்சு செய்தார் அல்லவா? அது மென்பொருள் முடிவு மட்டும்தானா?

என்னிடம் ஒரே ஓர் உரைகல் இருக்கிறது, அதைத் தருகிறேன். அறிவிப்பு அனுப்பும் முன், அதை அனுப்புவதற்கான உண்மைக் காரணத்தை அதே அறிவிப்பில் எழுதிப் பாருங்கள். ‘உங்கள் தோழி உங்களுக்குச் செய்தி அனுப்பியிருக்கிறார், அதைத் தெரிவிக்கிறோம்.’ இதை அப்படியே அனுப்பலாம், கூச்சமில்லை. ‘நான்கு நாட்களாக நீங்கள் வரவில்லை, எங்கள் மாதக் கணக்கு இறங்குகிறது, அதனால் யாரோ தேடுவதாகச் சொல்கிறோம்.’ இதை அனுப்ப முடியுமா? முடியாது என்றால், அந்த அறிவிப்பு பெறுபவரிடமிருந்து எதையோ மறைத்துத்தான் வேலை செய்கிறது. இனிப்பான வாசகமோ பளிச்சென்ற வாசகமோ எழுதுவதை நான் தடுக்கவில்லை. கடைக்காரர் சிரித்துக்கொண்டே விற்கலாம். எடைக்கல்லில்தான் கை வைக்கக் கூடாது.

மேலாளரிடம் உரைகல்லை நீட்டினால் ‘நல்லது, அடுத்த காலாண்டில் பார்ப்போம்’ என்பார். அவரிடம் அவர் மொழியில் பேச இரண்டு செய்திகள். அறிவிப்புகளை உடனுக்குடன் அனுப்புவதற்குப் பதிலாக ஒரு நாளைக்கு மூன்று வேளையாகச் சேர்த்துக் கொடுத்துப் பார்த்த ஆய்வு ஒன்று 2019-இல் வந்தது. பங்கேற்றவர்களுக்குக் கவனமும் மனநிலையும் மேம்பட்டன. வேடிக்கை என்னவென்றால், அறிவிப்பே வராதபடி செய்யப்பட்டவர்களுக்குப் பதற்றம் கூடியது. எதையோ தவறவிடுகிறோம் என்ற பயம். ஆக, மணியைப் பிடுங்கி எறிய வேண்டியதில்லை, கோயில் மணிபோல வேளை தெரிந்து அடித்தால் போதும். மற்றொன்று, 2022-இல் ஃபேஸ்புக்கின் தரவுக் குழுவே எழுதியது. அறிவிப்புகளை வெகுவாகக் குறைத்தபோது முதலில் பயன்பாடு இறங்கியது. சோதனையை நிறுத்தாமல் நீண்ட காலம் தொடர்ந்தபோது இறக்கம் மறைந்து, திருப்தியும் பயன்பாடும் கூடின. உங்கள் ‘ஒருவர் தேடுகிறார்’ சோதனை எத்தனை நாள் நடந்தது? பெரும்பாலும் ஒன்றிரண்டு வாரம் இருக்கும். அந்த வாசகத்தைப் பெற்றவர்களில் எத்தனை பேர் ஆறு மாதத்துக்குள் அறிவிப்பையே அணைத்துவிட்டார்கள் என்று எண்ணிப் பார்க்கச் சொல்லுங்கள். புலி வருது என்று கூவியவனை ஊர் எத்தனை முறை நம்பும்?

சட்டமும் மெல்ல வந்துகொண்டிருக்கிறது. ஐரோப்பிய ஒன்றியத்தின் 2022-ஆம் ஆண்டு டிஜிட்டல் சேவைகள் சட்டம், பயனரை ஏமாற்றியோ வற்புறுத்தியோ முடிவெடுக்க வைக்கும் வடிவமைப்புகளைத் தடுக்கிறது. மிகப் பெரிய தளங்கள், ஒருவரது நடத்தையை வைத்துத் தேர்ந்தெடுக்காத பதிவு வரிசையையும் தர வேண்டும் என்கிறது. ஆஸ்திரேலியா 2025 டிசம்பர் 10 முதல் பதினாறு வயதுக்குட்பட்டவர்களுக்குச் சமூக ஊடகக் கணக்கே கூடாது என்றது. வயதை வைத்து வாசலை அடைப்பதைவிட, உள்ளே இருக்கும் பொறியைக் கழற்றுவது மேல் என்பது என் எண்ணம். பதினாறு முடிந்த மறுநாள் மனித மனம் வேறு மனமாகிவிடுவதில்லை.

கடைசியாக வீடு. என் கதை ஒன்றைச் சொல்ல வேண்டும். சில ஆண்டுகளுக்கு முன், மனைவியை இழந்த முதியவர் ஒருவர் என் எதிரில் அமர்ந்து பேசிக்கொண்டிருந்தார். கடைசி நாளில் அந்த அம்மா என்ன சொன்னார் என்று சொல்ல வந்த நேரம், என் மேசை இழுப்பறைக்குள் கைபேசி ஒரு முறை அதிர்ந்தது. நான் கண்ணைக்கூட அசைக்கவில்லை என்றுதான் இன்றும் நினைக்கிறேன். அவர் நிறுத்திவிட்டார். ‘பார்த்துக்கொள்ளுங்கள் ஐயா, நான் இருக்கிறேன்’ என்றார். இல்லை, சொல்லுங்கள் என்றேன். அவர் வேறு ஏதோ சொன்னார். அந்த அம்மா சொன்னது என்ன என்று எனக்கு இன்றுவரை தெரியாது. அன்றிலிருந்து என் கைபேசி அறைக்கு வெளியே, வரவேற்பறை அலமாரியில் இருக்கிறது. அணைத்து வைப்பதும் கவிழ்த்து வைப்பதும் எனக்குப் போதவில்லை. பக்கத்தில் இருந்தாலே அதைப் பார்க்காமல் இருப்பதற்கென்று மனத்தில் ஒரு காவலாளியை நிறுத்த வேண்டியிருக்கிறது.

உங்களுக்கும் நான் சொல்வது அவ்வளவுதான்: கதை நேரத்தில் கைபேசி வேறோர் அறையில் இருக்கட்டும். பெரிய துறவு எதுவும் வேண்டாம். 2018-இல் நடந்த ஓர் ஆய்வில் நான்கு வாரம் ஃபேஸ்புக்கை மூடியவர்களுக்கு ஒரு நாளைக்கு ஒரு மணி நேரம் மிச்சமானது. மனநிலை கொஞ்சம் மேம்பட்டது, கொஞ்சம்தான். கூடவே நாட்டு நடப்பு தெரிவதும் குறைந்தது. மிச்சமாகும் மணி நேரத்தில் என்ன செய்யப் போகிறீர்கள் என்று முன்பே முடிவு செய்யாவிட்டால் அதை வேறொரு திரை வந்து எடுத்துக்கொள்ளும். புத்தகம் படிக்கும் பழக்கம் விட்டுப் போயிருந்தால் பத்துப் பக்கத்திலிருந்து தொடங்குங்கள். முதல் வாரம் ஒவ்வொரு பக்கத்திலும் எழுந்து போகத் தோன்றும். தோன்றட்டும். அப்படித் தோன்றும்போதெல்லாம் பக்க ஓரத்தில் பென்சிலால் ஒரு புள்ளி வையுங்கள், பிறகு தொடருங்கள். இரண்டு மூன்று வாரத்தில் புள்ளிகள் தாமாகக் குறைவதைப் பார்த்திருக்கிறேன். என் புத்தகங்களிலும் அந்தப் புள்ளிகள் உண்டு.

மகளிடம் மன்னிப்புக் கேட்டுச் சடங்காக்க வேண்டாம். ‘எந்த வரியில் விட்டேன், காட்டு’ என்று கேளுங்கள். அவள் விரலை வைத்துக் காட்டுவாள். அங்கிருந்து படியுங்கள்.

மேலாளரிடம் இந்தப் பதிலைக் காட்டலாமா என்று கேட்டிருந்தீர்கள். தாராளமாக. டோபமைன் பத்தியை மட்டும் வெட்டிவிடுங்கள். கூட்டம் முழுக்க அதைப் பற்றியே பேசி, உங்கள் வாசகத்துக்கு வருவதற்குள் நேரம் முடிந்துவிடும்.